அது ரத்தம் இல்லை, கறுப்பு

விருத்தாசலத்தில் பீங்கான் பியூஸ் கட்டை செய்கிற பட்டறைகளில் என் யோசனை கேட்காமல் எழும்பிய சூளை எது என்று யாராவது காட்டட்டும். ரயில்வே கேட்டுக்கு அந்தப் பக்கம் முள்ளுக்காடாகக் கிடந்த இடத்தில் முதலில் பட்டறை போட்டவன் நான். நான் கட்டிய முதல் சூளை முதல் வேக்காட்டிலேயே முதுகு உடைந்து உட்கார்ந்தது. உட்கார்ந்தால் உட்காரட்டும் என்று அதே செங்கல்லைப் பொறுக்கி மறுபடியும் கட்டினேன். நிலக்கரி வராத வருஷம் முந்திரிக்கட்டை போட்டு எரித்தேன். புயலில் புகைபோக்கி சாய்ந்தபோது கயிறு கட்டி இழுத்து நிமிர்த்தினேன். மங்கலம்பேட்டையிலிருந்து வளைகுடாவுக்குப் போகிறவர்கள் பெட்டிக்குள் இன்றைக்கும் என் ஊறுகாய் ஜாடி போகிறது. என் மகள் எஞ்சினியர். இத்தனைக்கும் நான் மூன்றாம் வகுப்பைத் தாண்டியதில்லை.

இதையெல்லாம் பெருமைக்காகத்தான் எழுதுகிறேன். பெருமைப்பட வேண்டியதற்குக்கூடப் பெருமைப்படாதவனை நான் நம்புவதில்லை.

ஆனால் இவற்றுக்கெல்லாம் முன்னால், சூளை என்றால் எட்டி நின்று பார்க்கிற வயதில் நான் செய்த ஒரு காரியம் இப்போது சினிமாவாக வந்திருக்கிறது. அந்தப் படத்தில் எல்லோரும் இருக்கிறார்கள். நான் மட்டும் இல்லை.

படம் மொழிப் போராட்டக் காலத்துக் கல்லூரிப் பிள்ளைகளைப் பற்றியது. ஊர்வலம், தடியடி, துப்பாக்கிச் சூடு எல்லாம் நன்றாக எடுத்திருக்கிறார்கள். நான் அழுதேன், அதையும் சொல்லிவிடுகிறேன். அதில் ஒரு காட்சி. கதாநாயகன் ஒரு ஜங்ஷனுக்கு வருகிறான். பெயர்ப் பலகையில் இருக்கும் இந்தி எழுத்தை அழிக்க வேண்டும். கொண்டுவந்த தார் கொட்டிப்போகிறது. போலீஸ் ஓடி வருகிறது. அவன் பிளேடால் உள்ளங்கையைக் கிழித்து, தன் ரத்தத்தாலேயே எழுத்தை அழிக்கிறான். தியேட்டரில் அப்படி ஒரு விசில். பக்கத்து இருக்கைப் பையன் கையில் இருந்த செல்போனைக் கீழே போட்டுவிட்டுக் கை தட்டினான்.

அந்த ஜங்ஷன் எங்கள் ஜங்ஷன். படம் எடுத்த பிள்ளைகள் அதை எடுப்பதற்கு முன்னால் இங்கே வந்து டீக்கடையில் விசாரித்திருக்கிறார்கள். டீக்கடைக்காரர்கள் ஊர் சொல்லும் கதையைச் சொல்லியிருக்கிறார்கள். பட்டறைக்கு வந்து என்னைக் கேட்டிருந்தால் விஷயம் வேறாக இருந்திருக்கும். அந்தக் கதாநாயகன் என் மாமா, அம்மாவின் தம்பி. அந்தச் சிவப்பு அவருடைய ரத்தம் இல்லை. அது நான் கலக்கிக் கொண்டுபோன கறுப்பு.

சிவப்பு எப்படிக் கறுப்பாகும் என்று கேட்பீர்கள். பீங்கான் வேலை தெரியாதவர்களுக்கு இது கொஞ்சம் வேடிக்கையாகத்தான் இருக்கும். ஜாடிக்கு மேலே பளபளவென்று இருக்கிறதே பூச்சு, அதை நாங்கள் தண்ணீரில் கரைத்துப் பூசுவோம். பூசும்போது அதற்கு ஒரு நிறம், வெந்து வெளியே வரும்போது வேறு நிறம். பட்டறையில் பெயர் வைப்பது வெந்த பிறகு வரும் நிறத்தை வைத்துத்தான். கறுப்பு என்று நாங்கள் சொல்கிற பூச்சு தொட்டிக்குள் இருக்கும்போது செங்கல்லைக் கரைத்த மாதிரி இருக்கும். நாள் முழுவதும் அதைக் கலக்குகிறவனுக்கு அது சிவப்பாகத் தெரியாது. கறுப்பாகத்தான் தெரியும். பள்ளிக்கூடத்தை விட்டு, அப்போது ஊரில் இருந்த ஜாடிப் பட்டறைக்கு வந்த நாளிலிருந்து எனக்கு அந்தத் தொட்டியைக் கலக்குவதுதான் வேலை. என் கலவையில் கட்டி விழாது. பெரிய ஆட்கள் கலக்கியதில் விழும்.

அந்தத் தை மாதம் மாமா ஊருக்கு வந்தபோது தாடி வைத்திருந்தார். எங்கள் இரண்டு குடும்பத்திலும் கல்லூரி வாசலை மிதித்தவர் அவர் ஒருவர்தான். கூட இருந்தவர்களைப் போலீஸ் பிடித்துவிட்டது, இவர் தப்பி வந்திருந்தார். சும்மா ஒளிந்திருந்தால் போதாதா? ஜங்ஷன் பலகையை அழித்தே தீருவது என்று சிநேகிதர்களுக்கு வாக்குக் கொடுத்திருந்தாராம். ரோட்டு வேலைக்கு வைத்திருந்த தார் பீப்பாய்களுக்கெல்லாம் போலீஸ் காவல் போட்டிருந்தது. ஒரு டின் தார் கேட்டால்கூட ஏன், எதற்கு என்று கேட்பார்கள்.

"டேய், உங்க பட்டறையில கறுப்பு இருக்குமாடா?" என்று மாமா என்னிடம் கேட்டார்.

கல்லூரியில் படிக்கிறவர் என்னிடம் வந்து ஒன்று கேட்கிறார். எனக்குத் தலை கால் புரியவில்லை.

"எவ்ளோ வேணும் மாமா? தொட்டி தொட்டியா இருக்குது."

விளக்கு வைக்கிற நேரத்தில் வாளியைச் சாக்கால் மூடி எடுத்துக்கொண்டு போனேன். தண்டவாளத்தைத் தாண்டி, பிளாட்பாரம் முடிகிற இடத்துக்குப் போனோம். பாசஞ்சர் வண்டி வந்து நின்று புகையும் ஆவியுமாக விட்டது. அந்தப் புகைக்குள் மாமா பலகையின் கல்மேடையில் ஏறினார். தேங்காய் நார் தூரிகையைத் தோய்த்துக் கொடுத்தது நான். கீழே நின்று வாளியைத் தூக்கிப் பிடித்தது நான். மாமா முகர்ந்து பார்த்தார்.

"வாசனையே இல்லியே. கறுப்புதானாடா இது?"

"சுத்தக் கறுப்பு மாமா. மேஸ்திரியக் கேட்டாலும் இதத்தான் கறுப்புன்னு சொல்வாரு."

அந்த மங்கலில் அவருக்கும் கறுப்பாகத்தான் தெரிந்திருக்கும். எழுத்து முழுவதும் மறைந்தது. திரும்பி வரும்போது மாமா என் தோளில் கை போட்டுக்கொண்டு நடந்தார். என் தோளில் அதுவரை யாரும் கை போட்டு நடந்ததில்லை.

காலையில் ஊரே ஜங்ஷனில் நின்றது. மஞ்சள் பலகையில் இந்தி எழுத்து இருந்த இடம் சிவப்பாக இருந்தது. ஓரங்களில் வழிந்து காய்ந்திருந்தது. ரத்தம், ரத்தம் என்று பெண்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். எனக்குச் சிரிப்பு வந்தது. கறுப்பைப் பார்த்து இப்படிச் சொல்கிறார்களே என்று நினைத்தேன்.

வெளியூரிலிருந்து வந்து சத்திரத்தில் தங்கியிருந்த போலீசுக்கு அது ரத்தமாகத் தெரியவில்லை. அவர்களுக்கு அது தொழிற்சங்கக் கொடியின் சிவப்பு. மாணவர்கள் என்றால் தார் பூசுவார்கள், சிவப்பு என்றால் சங்கத்துக்காரன் வேலை என்று முடிவு கட்டினார்கள். ஊரில் சங்கம் சங்கம் என்று பேசிக்கொண்டு சிவப்புத் துண்டு போட்டுத் திரிந்தவர் ஒருவர்தான். எங்கள் பட்டறையில் சூளைக்குத் தீ போடுகிறவர். என் அப்பா.

அவரைத் துண்டோடு பிடித்து, நடத்தியே கூட்டிவந்து பலகைக்கு முன்னால் நிறுத்தினார்கள். நான் கூட்டத்தில் முண்டியடித்து முன்னுக்கு வந்துவிட்டேன்.

"இது என்ன கலர்டா?" என்று அதிகாரி கேட்டார்.

அப்பா அண்ணாந்து பார்த்தார். வேலைக்காரன் கண். பார்த்ததும் சொல்லிவிட்டார்.

"கறுப்புங்க."

கூட்டம் சிரித்தது. அதிகாரி அப்பாவின் கன்னத்தில் அறைந்தார். சிரிப்பு நின்றது.

"நக்கலா? என்ன கலர்டா?"

"கறுப்புதாங்க ஐயா. எங்க பட்ட..."

அப்பா அங்கே நிறுத்தினார். அப்போதுதான் என்னைப் பார்த்தார். அவர் கண் என் முகத்திலிருந்து கீழே இறங்கி என் கையில் நின்றது.

"பட்டன்னா? சொல்லுடா."

"பட்டப்பகல்லயே கண்ணு மங்குதுங்க ஐயா. சூளை நெருப்பப் பாத்துப் பாத்து கலர் ஒண்ணும் தெரிய மாட்டேங்குது."

மறுபடியும் அடி விழுந்தது. எனக்குப் பொறுக்கவில்லை. அப்பாவுக்குக் கண் மங்கலா? நெருப்பின் நிறத்தைப் பார்த்தே உள்ளே இருக்கும் ஜாடி வெந்ததா வேகவில்லையா என்று சொல்கிறவர் அவர். அவர் சொன்னதுதான் சரி, அது கறுப்பேதான், கலக்கியவனே நான்தான் என்று கத்த வாயைத் திறந்தேன். அதற்குள் அப்பா என்னைப் பார்த்துக் கத்தினார்.

"டேய்! இங்க என்னாடா வேடிக்கை? வூட்டுக்குப் போ. போயி கையக் கழுவிட்டுச் சோறு துன்னு. ஓடு!"

நான் ஓடினேன். ஓடும்போது திரும்பிப் பார்த்தேன். ஒரு போர்ட்டர் ஈரச் சாக்கால் பலகையைத் துடைத்துக்கொண்டிருந்தார். நெருப்புக்குப் போகாத பூச்சு, ஒரு துடைப்பிலேயே வழிந்து வந்துவிட்டது. தார் என்றால் அப்படிப் போயிருக்காது. அப்பா அடி வாங்கியதைவிட அந்த நேரத்தில் எனக்கு அதுதான் அவமானமாக இருந்தது. பிள்ளைப் புத்தி.

வீட்டில் மாமா பரண்மேல் இருந்தார். அம்மா அதற்குள் சேதி கேட்டு நிலைப்படியில் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தாள். நான் நடந்ததைச் சொன்னேன்.

"கை கழுவிட்டுச் சோறு துன்னச் சொன்னாரு. இன்னும் சோறே ஆக்கலியேம்மா."

மாமா பரணிலிருந்து இறங்கி வந்து என் கையைப் பிடித்து வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார். நகக் கண்ணெல்லாம் சிவந்து கிடந்தது. கிணற்றடிக்கு இழுத்துக்கொண்டு போய், சாம்பலும் தேங்காய் நாரும் வைத்துத் தேய்த்தார். தோல் எரிந்தது.

"அழுக்கு இல்ல மாமா. கறுப்பு."

"தெரியும்டா. யாராச்சும் கேட்டா, நேத்து சாயங்காலம் நீ எங்க இருந்த?"

"உன்கூட."

"இல்ல. அம்மாகூட முந்திரிக்கட்டை பொறுக்கப் போயிருந்த."

"போவலியே!"

"போயிருந்த."

இன்னொரு தடவை தேய்த்தார். பிறகு உள்ளே வந்து, தாடியை மழித்துவிட்டு, துவைத்த வேட்டி கேட்டார். அம்மாவுக்குப் புரிந்துவிட்டது.

"தம்பி, அவரை வுட்டுடுவாங்களா?"

"வுட்டுடுவாங்கக்கா. நான் போறேன்."

அம்மா போ என்றும் சொல்லவில்லை, போகாதே என்றும் சொல்லவில்லை. எந்த வாயால் சொல்வாள்? அந்தப் பக்கம் புருஷன், இந்தப் பக்கம் கூடப் பிறந்தவன். கொடியில் கிடந்த வேட்டியை எடுத்து மடித்தாள், பிரித்தாள், மறுபடியும் மடித்தாள்.

மாமா தண்ணீர் குடிக்கிற மாதிரி அடுப்படிக்குள் போனார். வெளியே வரும்போது வலது கையில் துண்டு சுற்றியிருந்தது.

"என்னாடா கையில?"

"அருவாமனை பட்டுடிச்சிக்கா. ஒண்ணுமில்ல."

நான் அதை நம்பினேன். அருவாமனை பட்டுவிட்டது என்றால் பட்டுவிட்டதுதானே.

அவர் முன்னால் போக, அம்மா என்னைக் கையில் பிடித்துக்கொண்டு பின்னாலேயே போனாள். சத்திரத்து வாசலில் எங்களை நிறுத்திவிட்டார்கள். உள்ளே முற்றத்தில் நடப்பது தெரிந்தது. அப்பா ஒரு தூண் ஓரம் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தார். துண்டு இல்லை. ஒரு கண் வீங்கி மூடிக்கொண்டிருந்தது.

"போர்டை அழிச்சது நான்தான். அவர் ஒண்ணும் பண்ணலை, அவரை வுடுங்க" என்றார் மாமா.

அதிகாரி ஏற இறங்கப் பார்த்தார். "காலேஜா?"

"ஆமாங்க."

"எதாலடா அழிச்ச? அந்தச் சிவப்பு எங்க கிடைச்சுது? யார் குடுத்தா?"

யார் கொடுத்தது என்று கேட்டார்கள் இல்லையா? நான் எட்டிப் பார்த்தேன். என் பெயர் இப்போது வரும் என்று நினைத்தேன். பெரிய மனிதர்கள் கூடியிருக்கிற இடத்தில் என் பெயரைச் சொல்லப் போகிறார்கள் என்று நிமிர்ந்து நின்றேன்.

"யாரும் குடுக்கல. என் ரத்தம்" என்றார் மாமா.

"ரத்தமா? டேய், நிறைய சினிமா பாப்பியோ?"

மாமா துண்டை அவிழ்த்தார். உள்ளங்கை குறுக்கே பிளந்து கிடந்தது. முற்றத்துக் கல்லில் சொட்டியது. அதிகாரி அந்தக் கையைப் பார்த்தார். பலகையைத்தான் துடைத்தாயிற்று. அது ரத்தம்தானா என்று பார்க்க ஒன்றும் மிச்சமில்லை. எதிரே ஒப்புக்கொள்கிற ஆள் இருக்கிறான், கிழிந்த கை இருக்கிறது.

"பொய்!" என்று கத்தினேன். பாதிதான் வெளியே வந்தது. அம்மாவின் கை என் வாயில் வந்து அடைத்தது. அடைத்த வேகத்தில் பல் குத்தி உதடு கிழிந்தது. அப்படியே என்னைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு தெருமுனை வரைக்கும் ஓடினாள். இடுப்பில் வைக்கிற வயதா எனக்கு? எங்கிருந்து அவளுக்கு அந்தப் பலம் வந்தது என்று தெரியவில்லை.

அப்பா அன்று மத்தியானமே வீட்டுக்கு வந்துவிட்டார். மாமா சிறைக்குப் போனார். அன்று சாயங்காலத்துக்குள் ஊர் முழுக்கச் சேதி பரவிவிட்டது. தன் ரத்தத்தால் இந்தியை அழித்தான் பையன் என்று. பலகைக்கு முன்னால் சிலர் விழுந்து கும்பிட்டார்கள். நான் கலக்கிய கறுப்பு அது. அதை யாரிடமும் சொல்லக்கூடாது என்று அம்மா சத்தியம் வாங்கிக்கொண்டாள். மாமா என் வேலையைத் திருடித் தன் பெயரில் போட்டுக்கொண்டார் என்றுதான் நான் நினைத்தேன். பெரிய வீரன் ஆக வேண்டும் என்ற ஆசையில் பொய் சொன்னார் என்று நினைத்தேன்.

அவர் விடுதலையாகி வந்தபோது வலது கையில் இரண்டு விரல் மடங்கவில்லை. கல்லூரியில் மறுபடி சேர்த்துக்கொள்ளவில்லை. ஸ்ரீமுஷ்ணம் பக்கம் ஒரு நெல் மண்டியில் மூட்டை எடை போடுகிற வேலைக்குப் போய், இடது கையால் எழுதப் பழகிக்கொண்டார். கட்சிக்காரர்கள் மேடைக்குக் கூப்பிட்டார்கள். இரண்டு முறை போனார், பிறகு போகவில்லை. மேடையில் கையைத் தூக்கிக் காட்டச் சொல்கிறார்கள் அக்கா என்று அம்மாவிடம் சொன்னார்.

பொங்கலுக்கு எங்கள் வீட்டுக்கு வருவார். நான் முகம் கொடுத்துப் பேச மாட்டேன். ஒரு தடவை அவரே வந்து பக்கத்தில் உட்கார்ந்தார்.

"என்னாடா, கறுப்பெல்லாம் நல்லா வருதா?"

"எங்க கறுப்பு எப்பவும் நல்லாத்தான் வரும். அதப் போயி ரத்தம்னு சொல்றவங்களுக்கு என்னா தெரியும்?"

மாமா சிரித்தார். மடங்காத அந்த இரண்டு விரலால் என் தலையில் ஒரு குட்டு வைத்தார். வலிக்கவே இல்லை. "உன் வாய் இருக்குதே..." என்றார். என் வாயைப் பற்றித்தானே அவருக்கு அன்றைக்குப் பயமே. எனக்கு அது அப்போது தெரியாது.

எனக்குப் புரிந்தபோது மாமா உயிரோடு இல்லை. மஞ்சள் காமாலை, சீக்கிரமே போய்விட்டார். என் சொந்தப் பட்டறை ஓடத் தொடங்கியிருந்த காலம். என் மகன் ஒருநாள் தொட்டியில் விளையாடிவிட்டு, நகமெல்லாம் சிவப்பாக வந்து சோற்றுக்கு உட்கார்ந்தான். போய்க் கையைக் கழுவிட்டு வாடா என்றேன். சொன்ன குரல் என்னுடையது இல்லை, என் அப்பாவுடையது. தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து போய்ச் சூளைக்குப் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டேன். அது பட்டறைப் பூச்சு என்று அப்பா சொல்லியிருந்தால் போலீஸ் நேராகத் தொட்டிக்கு வந்திருக்கும். யார் கொடுத்தது என்று மாமா சொல்லியிருந்தால் என்னிடம் வந்திருக்கும். அடிபட்ட மனிதர் ஒருவர் வார்த்தையைப் பாதியில் விழுங்கினார். படித்த மனிதர் ஒருவர் அருவாமனையில் கையை வைத்தார். நானோ, என் பெயரைச் சொல்லவில்லையே என்று வாசலில் நின்று கோபித்துக்கொண்டிருந்தேன்.

படம் எடுத்த தம்பிகளே, உங்கள் படத்தில் கடைசியில் பெயர் தெரியாத தியாகிகளுக்குக் காணிக்கை என்று போடுகிறீர்கள். நன்றாக இருக்கிறது. ஆனால் என் பெயர் தெரியாத பெயர் இல்லை. இந்த ஊரில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். அந்த நிறம் நான் கலக்கியது. வாளியைப் பிடித்தது நான். அதைப் போடுங்கள். கெஞ்சிக் கேட்கவில்லை, உரிமையாகக் கேட்கிறேன்.

உங்கள் கதாநாயகன் தார் கொட்டிவிட்டது என்று கையைக் கிழித்துக்கொள்கிறான். என் மாமா அதற்காகக் கிழித்துக்கொள்ளவில்லை. பலகை அழிந்து, ஒரு ராத்திரி கழிந்து, துடைத்தும் முடிந்த பிறகு கிழித்துக்கொண்டார். எதற்காக என்று உங்கள் படத்தைப் பார்க்கிறவனுக்கு எப்படித் தெரியும்? என் பெயரைப் போட்டால்தான் தெரியும்.